ஓமேருக்கு நான் சொல்லிக்கொடுத்த வார்த்தைகள்

விசாரணை நீதிபதி ஐயா, முதலில் உங்கள் எழுத்தரிடம் மன்னிப்புக் கேட்டுக்கொள்கிறேன். என் பெயரையும் முகவரியையும் அவர் வாசித்துக் காட்டியபோது நான் குறுக்கே புகுந்து திருத்தியிருக்கக் கூடாது. ‘க’ வர வேண்டிய இடத்தில் எல்லாம் அவருக்கு ‘ஹ’ வருகிறது. மேற்கு ஃபிளாண்டர்ஸ்காரர் என்று வாயைத் திறந்ததுமே தெரிந்துவிட்டது. நானும் அந்தப் பக்கம்தான், கோர்ட்ரைக். எங்கள் ஊர்ப் பேச்சு காதில் விழுந்தால் என் நாக்கு சும்மா இருக்காது.

வழக்கறிஞர் வேண்டுமா என்று கேட்டீர்கள். எதற்கு? ஓமேர் லாம்பிரெக்ட்டைப் பற்றிச் சொல்ல என்னைவிடத் தகுந்த ஆள் இந்த நாட்டில் இல்லை. செய்தித்தாள்களில் இந்த வாரம் எழுதியதில் பாதி தப்பு.

தெருவில் அவரை ஓமேர் என்று யாரும் கூப்பிட்டதில்லை. ஸ்கிப்பர் கமீல் என்றுதான் கூப்பிடுவார்கள். கறுப்பு வெள்ளைத் தொலைக்காட்சிக் காலத்தில் ஞாயிற்றுக்கிழமை மாலை ஃபிளாண்டர்ஸில் ஒரு ஜன்னல் பாக்கியில்லாமல் அந்தத் தொடரின் இசை கேட்கும். சரக்குப் படகோட்டி கமீல், அவனுடைய வாயாடி மனைவி, அவனுடைய நாய். அவர் ரொட்டிக்கடைக்குப் போனால் காசு வாங்கமாட்டார்கள். பீர் கோப்பைக்கு அடியில் வைக்கிற அட்டையில் அவர் முகம் இருந்தது. நீங்களும் அந்த முகத்தின் மேல் கோப்பையை வைத்திருப்பீர்கள்.

அந்த முகம் முதலில் என் முன்னால்தான் நின்றது. லெய் ஆற்றில் சணல் ஊறவைக்கிற ஒருவரின் மகன். சணல் அழுகும் வாடை அவன் மேல் எப்போதும் இருக்கும். பள்ளியில் அவன் பெஞ்சில் யாரும் உட்காரமாட்டார்கள். என் அப்பா அந்தப் பள்ளியின் தலைமை ஆசிரியர். எங்கள் பங்குச்சாமியார் குளிர்காலத்தில் கோவில் மண்டபத்தில் நாடகம் போடுவார். ஒருநாள் என்னைக் கூப்பிட்டு அவனைக் காட்டினார்.

“பய ஜோரா நிக்கிறான், பாத்தியா? ஆனா வாயைத் தொறந்தா ஆத்துச் சேறு வருது. நீ வாத்தியார் வீட்டுப் புள்ள. அந்த வாயைக் கொஞ்சம் கழுவிவிடு, யெரோம்.”

கழுவினேன். மாலை தோறும், எங்கள் வீட்டு நிலக்கரி அறையில். நான் சொல்வேன், அவன் திருப்பிச் சொல்வான். வாசித்துக் கற்க அவனுக்கு வராது. காதால்தான் கற்பான். என்ன அர்த்தம் என்று கேட்கவே மாட்டான். நானாகச் சொல்லப் போனாலும் கையை உயர்த்திவிடுவான்.

“அர்த்தம் பின்னாடி வரட்டும் வாத்தியாரே. மொதல்ல சத்தத்தைக் குடு.”

நான் தும்மினால்கூட அதே இடத்தில் தும்முவான். இருவருக்கும் ஒரே வயது, ஆனாலும் அவன் சாகும்வரை எனக்கு வாத்தியார் என்றுதான் பெயர். ஒரு மனிதனுக்கு ஒரு மொழியை முழுசாக நான் கொடுத்தேன், ஐயா. அது சின்ன விஷயமில்லை. பின்னால் சொல்லப்போவதை நீங்கள் எடைபோடும்போது இதையும் தட்டில் வைக்க வேண்டும்.

போர் முடிந்ததும் இருவரும் கெண்ட் நகருக்கு வந்தோம். ஒரே நாளில் ஒரே அரங்கில் சேர்ந்தோம். அவன் வேலைக்காரன், சிப்பாய், திருடன் என்று ஏறி, ஐந்தாறு வருஷத்தில் நாயகன் ஆனான். எனக்கு நல்ல குரல் என்று எல்லோரும் சொன்னார்கள். என்னை அவனுக்குப் பதிலாளாகப் போட்டார்கள். பதிலாள் என்றால் தெரியுமில்லையா? இன்னொருவனுடைய வசனம் முழுவதையும் மனப்பாடம் செய்துகொண்டு, அவனுக்குக் காய்ச்சல் வருமா என்று பக்கத்தறையில் காத்திருப்பவன். ஓமேருக்குச் சளிகூடப் பிடிக்காது. சணல் தண்ணீரில் வளர்ந்த உடம்பு.

தொலைக்காட்சிக்காரர்கள் ஸ்கிப்பர் கமீலுக்கு ஆள் தேடியபோது இருவருமே பிரஸ்ஸல்ஸ் போனோம். நான் முதலில் வாசித்தேன். இயக்குநர் நல்ல மனிதர், மென்மையாகத்தான் சொன்னார்.

“அருமையா வாசிக்கிறீங்க. ஆனா வானிலை அறிக்கை கேக்கற மாதிரி இருக்கு. இந்த ஆளு ஆத்துல பொழைக்கிறவன் சார்.”

பிறகு ஓமேர் உள்ளே போனான். கதவு மூடியிருந்தாலும் எனக்குக் கேட்டது. நான் வருஷக்கணக்கில் தேய்த்துக் கழுவி எடுத்த அந்தச் சேறு அப்படியே வாய் நிறையத் திரும்பி வந்திருந்தது. அவன் அதை எங்கேயோ பத்திரமாக வைத்திருந்திருக்கிறான். உள்ளே எல்லோரும் சிரித்துச் சிரித்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள்.

வெளியே வந்து என் தோளைக் கட்டிக்கொண்டான். “வாத்தியாரே, உன்னையும் கூட்டிட்டு வந்தாத்தான் நடிப்பேன்னு சொல்லிட்டேன். பேச்சுப் பயிற்சியாளர். சம்பளம் உண்டு. பொழைச்சோம் போ!”

கொச்சையாகப் பேசுவதற்காகவே எடுக்கப்பட்ட ஒருவனுக்கு நான் பேச்சுப் பயிற்சியாளர். படப்பிடிப்பில் எனக்கு ஒரு மடக்கு நாற்காலி இருந்தது. எனக்கு எந்த வருத்தமும் இல்லை. நான் நன்றி சொன்னேன்.

இனி நீங்கள் கேட்ட விஷயத்துக்கு வருகிறேன்.

போன இலையுதிர் காலத்தில் எங்கள் அரங்கில் ஒரு புது நாடகம். வெள்ளத்தன்று மதகைத் திறந்து ஊரைக் காப்பாற்றி, அந்தத் தண்ணீரிலேயே மகனை இழக்கிற கிழட்டு மதகுக் காவலன். ஓமேருக்கென்றே எழுதியது. ஒத்திகையில் ஒரு நீண்ட வசனத்துக்கு நடுவே அவர் வாயிலிருந்து வார்த்தை இல்லாத ஒன்று வந்தது. கோமாளித்தனம் பண்ணுகிறார் என்று எல்லோரும் சிரித்தார்கள். அவருக்கு அந்தப் பழக்கம் உண்டு. நான் பிரதியைப் பார்த்து அடுத்த வரியை மெல்ல எடுத்துக்கொடுத்தேன். அவர் என்னைப் பார்த்தார். திருப்பிச் சொல்ல வாயைத் திறந்தார். வலது பக்கம் உதடு எழவில்லை. அப்படியே மேசைமேல் சரிந்தார்.

பக்கவாதம். பிழைத்துவிட்டார். வலது கையும் காலும் போய்விட்டன. பேச்சும் போயிற்று. டாக்டர்கள் அறிவு தெளிவாக இருக்கிறது என்றார்கள். மண்டைக்குள் வீடு அப்படியே இருக்கிறதாம், சாமான்களின் பெயர்ச்சீட்டுகள்தான் உதிர்ந்துவிட்டனவாம். ஒவ்வொன்றாக எடுத்து மறுபடி ஒட்ட வேண்டும் என்றார்கள்.

அவர் மனைவி ஸுல்மாவுக்கு இடுப்பெலும்பு சரியில்லை. மூன்றாம் மாடி வீட்டில் அவரை வைத்துப் பார்க்க முடியாது. ஆகவே தெய்ன்ஸவுக்குப் பக்கத்தில், கன்னியாஸ்திரிகள் நடத்துகிற பராமரிப்பு இல்லத்தில் சேர்த்தார்கள். சனிக்கிழமைகளில் அக்காள் மகனின் காரில் ஸுல்மா வருவார். திங்களும் வெள்ளியும் கிரீட் மேஸ் வருவார். தன் பயிற்சி நேரங்களைப் பதிவுசெய்த ஒலிநாடாக்களை உங்களிடம் கொண்டுவந்து கொடுத்தாரே, அந்தப் பேச்சுச் சிகிச்சைப் பெண். மற்ற நாட்களில் பயிற்சி கொடுக்க ஆள் வேண்டும் என்று அவர் கேட்டபோது, ஸுல்மா என் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டார்.

“உங்களைத் தவிர யாரு இருக்கா யெரோம்? நீங்க சொன்னாத்தான் அவர் கேப்பார். சின்ன வயசுல இருந்தே அப்படித்தானே?”

கிரீட் ஒரு பெட்டி நிறையப் படச்சீட்டுகள் கொடுத்தார். ரொட்டி, நாற்காலி, குடை, தொப்பி, அழுகிற குழந்தை, இப்படி. நான் செவ்வாய், வியாழன், ஞாயிறு போனேன். மேடை வேலை மாலையில்தானே. ஆம், மதகுக் காவலன் வேடம் எனக்கு வந்திருந்தது. ஓமேர் திரும்பி வரும்வரை என்று சொல்லித்தான் கொடுத்தார்கள்.

முதல் சில வாரங்கள் நான் ஒழுங்காகத்தான் சொல்லிக்கொடுத்தேன். இதை நம்புங்கள். ரொட்டிப் படத்தைக் காட்டி ‘ரொட்டி’ என்பேன். அவர் நெற்றி வியர்க்கும். கழுத்து நரம்பு புடைக்கும். ஒன்றும் வராது. இடது கையால் மேசையைக் குத்துவார். ஒரு செவ்வாய், வெளியே நல்ல மழை, அவர் ரொட்டியைப் பார்த்துக்கொண்டே திடீரென்று தெளிவாக ஒரு சொல் சொன்னார். ‘நாற்காலி.’

அது தப்பு. ஆனால் சொல். வாதம் வந்த பிறகு அவர் வாயிலிருந்து வந்த முதல் முழுச் சொல். அவர் என் முகத்தையே பார்த்தார், பரீட்சைத் தாளைக் கொடுத்துவிட்டு நிற்கிற பையனைப் போல. அந்த முகத்தைப் பார்த்துத் ‘தப்பு’ என்று உங்களால் சொல்ல முடியுமா? நான் ‘சரி’ என்றேன். அவர் அழுதார். எனக்கும் கண் கலங்கியது. இரக்கத்தில்தான் இது தொடங்கியது என்பதை உங்கள் எழுத்தர் தனி வரியாக எழுதிக்கொண்டால் நல்லது.

வியாழக்கிழமை நான் கதவைத் திறந்ததுமே தட்டிலிருந்த ரொட்டியைக் காட்டி ‘நாற்காலி’ என்றார். பெருமையோடு. இப்போது தப்பு என்றால் அன்றைக்கு ஏன் சரி என்றாய் என்று ஆகும். அவருக்கு இந்த உலகத்தில் மிச்சமிருந்த ஒரே நம்பிக்கை நான். அதை உடைக்க எனக்கு மனம் வரவில்லை. ஆனால் ரொட்டிக்கு நாற்காலி என்று ஆகிவிட்டால், நாற்காலி வீடில்லாமல் நிற்கும். அதற்கு ஏதாவது பெயர் வேண்டும். ‘குடை’ என்று கொடுத்தேன். பிறகு குடைக்கு ஒன்று வேண்டும். தண்ணீர்க் குவளைக்கு ஒன்று. நானாக எதையும் தேடிப் போகவில்லை. ஒன்றை நகர்த்தினால் மற்றொன்று விழுந்தது, நான் தாங்கிப் பிடித்துக்கொண்டே போனேன். ஆற்றில் இறங்கியவன் போலத்தான், ஐயா. பாதியில் நிற்க இடமில்லை.

திங்களும் வெள்ளியும் கிரீட் சரியான சொற்களைச் சொல்லிக்கொடுத்தார். அது ஓமேருக்குக் குழப்பம்தான். ஆனால் அந்தப் பெண்ணுக்கு வயது முப்பதுகூட இருக்காது. ஓமேர் அவரைப் பார்த்துப் பரிவோடு சிரிப்பாராம், தப்பான வரியை எடுத்துக்கொடுக்கிற புது ஆளைப் பெரிய நடிகன் பார்த்துச் சிரிப்பதுபோல. இதை கிரீட்டே என்னிடம் சொல்லி வருத்தப்பட்டார். “நான் சொல்லித்தர்றது எதுவுமே ஒட்டமாட்டேங்குது. உங்ககிட்ட மட்டும் எப்படி உக்காந்து படிக்கிறார்?” என்றார். காது பழக்கம் என்று சொன்னேன். அது உண்மை.

கிறிஸ்துமஸுக்கு முந்திய வாரம் எங்கள் அரங்க இயக்குநர் ரேமொண்ட் என் ஒப்பனை அறைக்கு வந்தார். நாடகம் நிறைந்த சபையோடு போய்க்கொண்டிருந்தது. என்னைப் பற்றி நல்லபடியாக எழுதியிருந்தார்கள். ட்ராமில் ஒரு அம்மாள் எழுந்து எனக்கு இடம் கொடுத்தார். ‘நீங்கதானே அந்த மதகுக் காவலர்?’ என்று கேட்டார். எனக்கு அப்போது வயது அறுபது. அதுவரை ட்ராமில் யாரும் என்னிடம் மணிகூடக் கேட்டதில்லை.

ரேமொண்ட் நாற்காலியைத் திருப்பிப் போட்டு உட்கார்ந்தார். “ஒரு நல்ல சேதி யெரோம். வசந்தத்துக்குள்ள நம்மாளு பத்து வரி பேசிடுவார்னு டாக்டருங்க சொல்றாங்க. பத்து வரி போதும்யா! சக்கர நாற்காலியில உக்கார வச்சு மேடையேத்திடுவோம். ஈஸ்டருக்கு. தொலைக்காட்சிக்காரங்களும் வர்றாங்க. ஜனம் அழுதே செத்துடும்.”

“நான்?” என்று கேட்டேன்.

“நீங்கதான் நாற்காலியத் தள்ளிட்டு வரணும். வேற யாரு?”

எனக்குச் சந்தோஷமாக இருந்தது. அன்று மாலை நன்றாக நடித்தேன்.

அடுத்த வியாழன் நடந்ததைச் சொல்கிறேன். ஒலிநாடாவில் அது இருக்காது, நாங்கள் இருவர்தான் இருந்தோம். நான் பெட்டியைத் திறந்து முதல் சீட்டைக் காட்டினேன். ரொட்டி. ஓமேர் வெகுநேரம் அதையே பார்த்தார். உதடு ஏதோ தேடியது. பிறகு, யாரும் எடுத்துக்கொடுக்காமல், தானாக, எங்கள் ஊர்க் கொச்சையில், ‘ரொட்டி’ என்றார்.

சொல்லிவிட்டு அவரே திடுக்கிட்டார். மறுபடி சொன்னார். ‘ரொட்டி.’ முகமெல்லாம் விரிந்தது. தட்டைக் காட்டினார், தன் வாயைக் காட்டினார், என்னைக் காட்டினார்.

நான், “இல்லை ஓமேர். நாற்காலி” என்றேன்.

அவர் சிரிப்பு நிற்கவில்லை, அப்படியே முகத்தில் தங்கியிருந்தது. கண் மட்டும் சீட்டுக்கும் எனக்குமாகப் போய்வந்தது. நான் கோபிக்கவில்லை, குரலை உயர்த்தவில்லை. பொறுமையாக மறுபடி சொன்னேன். அவர் தட்டிலிருந்த துண்டை இடது கையில் எடுத்து முகர்ந்து பார்த்தார். கீழே வைத்தார். அப்புறம் தலையைக் குனிந்துகொண்டு, என் உச்சரிப்பிலேயே, மெதுவாக, ‘நாற்காலி’ என்றார்.

தன் வாயைவிட என்னை நம்பினார், ஐயா. அப்படி ஒரு நம்பிக்கையை யாரும் உங்கள் மேல் வைத்திருக்கமாட்டார்கள். அன்று பஸ்ஸில் திரும்பும்போது, நிறுத்திவிட வேண்டும் என்று நினைத்தேன். எங்கிருந்து நிறுத்துவது? அதற்குள் அறுபது எழுபது சொற்கள் ஆகியிருந்தன. எல்லாவற்றையும் பிடுங்கினால் அவரிடம் ஒன்றுமே இருக்காது. இருப்பதையாவது விட்டுவைப்போம் என்று தோன்றியது.

ஸுல்மாவின் புகைப்படமும் அந்தப் பெட்டியில் இருந்தது. ஒரு சனிக்கிழமை ஓமேரைப் பார்த்துவந்த பிறகு அவர் எனக்குத் தொலைபேசியில் பேசினார். முதலில் சிரித்தார்.

“என்னைப் பாத்து ‘தபால்காரர்’ங்கறார் யெரோம். கன்னத்தைத் தடவிக் குடுத்துக்கிட்டே ‘தபால்காரர், தபால்காரர்’னு. நான் என்ன கடுதாசியா கொண்டுபோறேன்?” பிறகு சிரிப்பு உடைந்தது. “இத்தனை வருஷம் குடித்தனம் பண்ணியிருக்கேன். என் பேர்கூடவா போயிடும்?”

நேரமாகும், பொறுத்திருங்கள் என்று சொன்னேன். அப்போது இன்னொன்றும் சொன்னேன், அதையும் மறைக்கவில்லை. அவர் கையைக் காட்டிக் கேட்டால் எதையும் எடுத்துக் கொடுக்காதீர்கள், கொடுத்தால் பேச முயலமாட்டார் என்றேன். இல்லத்துச் சிஸ்டர்களிடமும் அப்படியே சொல்லிவைத்தேன். சில டாக்டர்களும் அப்படித்தான் சொல்கிறார்கள், விசாரித்துப் பாருங்கள். ஆகவே அவர் தண்ணீரைக் காட்டி ‘தொப்பி’ என்று கெஞ்சுவார். சிஸ்டர் தொப்பியை எடுத்துத் தலையில் வைப்பார். அவர் அதைக் கழற்றி எறிவார். மறுபடி வைப்பார்கள். சில நாள் நான் போகும்போது தொப்பியோடு, உதடு காய்ந்து, சுவரைப் பார்த்து உட்கார்ந்திருப்பார். நான்தான் தண்ணீர் கொடுப்பேன். அவர் சொன்னது எனக்கு மட்டும்தானே புரியும்.

ஜனவரியில் ரேமொண்ட் ஈஸ்டர் யோசனையைக் கைவிட்டார். நேரில் வந்து பார்த்துவிட்டு, காருக்குள் உட்கார்ந்து மூக்கைச் சிந்தினார். “மண்டையில ஒண்ணுமே இல்ல யெரோம். அவ்ளோ பெரிய மனுசன். சாமான் ஏலம் போட்ட மாதிரி ஏதேதோ பேசறார்.”

பிப்ரவரி ஞாயிறுக்கு வருகிறேன். அதைப் பற்றித்தான் நீங்கள் மூன்று நாளாகச் சுற்றிச் சுற்றிக் கேட்கிறீர்கள்.

மதியம் பார்வையாளர் நேரம். நான் அரிசிப் பால் பணியாரம் வாங்கிப் போயிருந்தேன், அவருக்கு உயிர். அன்று தொடவில்லை. முகம் மெழுகு மாதிரி இருந்தது. சிஸ்டர் கோடலீவ் படுக்கை விரிப்பை மாற்றிக்கொண்டிருந்தார். ஓமேர் இடது கையைச் சட்டைக் கழுத்தில் வைத்துக்கொண்டு, “ஜன்னல்” என்றார்.

“புழுங்குதா ஸ்கிப்பர்? இந்த வெந்நீர்க் குழாய் சனியன் அப்படித்தான்” என்று சிஸ்டர் சட்டைப் பொத்தானைக் கழற்றிவிட்டு ஜன்னலைத் திறந்தார். குளிர் சட்டென்று உள்ளே வந்தது.

“ஜன்னல்” என்றார் ஓமேர் மறுபடியும்.

மூடினார். “ஜன்னல், ஜன்னல்.” சிஸ்டருக்குச் சிரிப்பு வந்துவிட்டது. “தொறக்கவா மூடவா? ஒரு முடிவுக்கு வாங்க. நான் என்ன உங்க படகுல மாலுமியா?” அதற்குள் பக்கத்தறையில் மணி அடித்தது. “நீங்க இருக்கீங்கல்ல, பாத்துக்குங்க” என்று என்னிடம் சொல்லிவிட்டுப் போனார். அந்தச் சிஸ்டரைத் தொந்தரவு செய்யாதீர்கள். அவர் காதில் விழுந்ததைச் செய்தார்.

ஓமேர் என் பக்கம் திரும்பினார். இடது கையால் என் மணிக்கட்டைப் பிடித்தார். அவ்வளவு பலம் அதில் இருக்கும் என்று நான் நினைக்கவில்லை. “ஜன்னல்” என்றார் என்னிடம். நிதானமாக, ஒவ்வோர் எழுத்தும் தெளிவாக. புரிகிறவனிடம் சொல்கிறோம் என்கிற நிம்மதி அந்தக் குரலில் இருந்தது.

எந்தப் படத்துக்கு அந்தச் சொல்லைக் கொடுத்தாய் என்று நேற்றுக் கேட்டீர்கள். இன்று சொல்கிறேன். பெட்டியின் அடியில் ஒரு சீட்டு இருந்தது. ஒரு மனிதன் நெஞ்சில் கை வைத்து முகத்தைச் சுளித்துக்கொண்டு நிற்பான். கீழே ‘வலி’ என்று போட்டிருக்கும். அதற்குத்தான்.

ஆம், புரிந்தது. அந்தக் கட்டடத்தில் அந்த மொழி தெரிந்தவன் நான் ஒருவன்தான். மணி என் தலைக்கு மேலே கயிற்றில் தொங்கியது. கையை நீட்டினால் எட்டும். ஆனால் இழுத்தால் யாராவது வருவார்கள், அவருக்கு நெஞ்சு வலிக்கிறது என்று நான் சொல்ல வேண்டும். உங்களுக்கு எப்படித் தெரியும் என்று அவர்கள் கேட்பார்கள். எனக்கு அதற்குப் பதில் இல்லை. மாதக்கணக்காக எனக்கு அதற்குப் பதில் இல்லை.

நான் எழுந்து போய் ஜன்னலைத் திறந்துவிட்டு வந்து உட்கார்ந்தேன். அவர் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். காப்பி வண்டி வருவதற்குள் முடிந்துவிட்டது. என் மணிக்கட்டை அவருடைய விரல்களிலிருந்து நான் ஒவ்வொன்றாகப் பிரித்தெடுக்க வேண்டியிருந்தது.

கிரீட் மேஸ் உங்களிடம் சொன்னது சரிதான். நோயாளி தப்பாகச் சொன்னால் ஒவ்வொரு தடவையும் வேறுவேறு தப்பாக வரும். ஓமேர் ஒரே தப்பைத்தான் ஒவ்வொரு தடவையும் சொன்னார், ஒரு சொல்கூடப் பிசகாமல். அடக்கம் முடிந்த பிறகு நாடாக்களை வரிசையாகப் போட்டுக் கேட்டபோதுதான் அந்தப் பெண்ணுக்குச் சந்தேகம் வந்திருக்கிறது. இது மறதி இல்லை, பாடம் என்று. மூளை பாதி செத்த மனிதர், ஐயா. அப்படிப் பாடம் பண்ணியிருந்தார். ஃபிளாண்டர்ஸில் அவருக்கு நிகராக ஒரு நடிகன் இனி வரப்போவதில்லை.

நேற்று ஸுல்மா என்னைப் பார்க்க வந்தார். நீங்கள்தான் அனுமதித்தீர்கள். கத்துவார், காறித் துப்புவார் என்று எதிர்பார்த்தேன். ஊன்றுகோலைச் சுவரில் சாய்த்துவிட்டு எதிரே உட்கார்ந்தார். ரொம்ப இளைத்திருந்தார்.

“ஏன் பண்ணுனீங்கன்னு நான் கேக்க வரல. எனக்கு அது வேண்டாம். அவர் எங்கிட்ட பேசினதெல்லாம் எனக்குத் தெரியணும். நாலு மாசமா பேசிக்கிட்டே இருந்தார். நான் தலையாட்டிக்கிட்டே இருந்தேன். எதுக்கு எது? சொல்லுங்க.”

சொன்னேன். தபால்காரர் என்றால் நீங்கள்தான் என்று சொன்னதும் வாயைப் பொத்திக்கொண்டார். தொப்பி, நாற்காலி, குடை என்று ஒவ்வொன்றாகக் கேட்டார், நானும் சொல்லிவந்தேன். நினைவில் எல்லாம் சரியாக இருந்தது. கடைசியில் ஒன்று கேட்டார்.

“அந்தக் கடைசிச் சனிக்கிழமை என் கையைப் பிடிச்சுக்கிட்டு ஒண்ணையே திருப்பித் திருப்பிச் சொன்னார். ‘தபால்காரர், யெரோம் வேண்டாம். யெரோம் வேண்டாம்.’ அவர் சொல்றது எல்லாமே தப்புத்தானேன்னு நான் பெரிசா எடுத்துக்கல. உங்க பேரைச் சொல்லிக் கேக்கறார்னு நெனச்சு, ஞாயித்துக்கிழமை நீங்க வருவீங்கன்னு சமாதானப்படுத்திட்டு வந்தேன். ‘யெரோம்’னா என்ன? ‘வேண்டாம்’னா என்ன?”

அந்த இரண்டு சொல்லையும் நான் மாற்றவே இல்லை. பெட்டியில் அவற்றுக்குச் சீட்டு இல்லை. என்றாலும் யோசித்துத்தான் பதில் சொன்னேன். ‘வேண்டாம்’ என்றால் ‘வேண்டும்’ என்று அர்த்தம் என்றேன்.

நீங்கள் அப்படிப் பார்க்காதீர்கள், ஐயா. அது பொய்யாக இருக்க வேண்டியதில்லை. அவர் நோயாளி. நோயாளிகள் எல்லாவற்றையும் மாற்றித்தான் சொல்வார்கள்.